கைக்குழந்தையும் திரைப்படமும்

எருக்கலம்பிட்டியாயினும் பேசாலையாயினும், பிள்ளை பெற்று வீட்டோடிருக்கும் தாய்க்குத் தொலைக்காட்சி ஓர் ஆறுதலே. எனினும், ஓராண்டு நிறையாத குழந்தைக்குத் திரை வேண்டாம் என 2019 இல் உலக சுகாதார ஸ்தாபனம் அறிவுறுத்தியது. ஆகவே படம் தாய்க்குரியது, குழந்தைக்கன்று.

ஆனால் திரையை மறைக்கலாம். ஒலியை மறைக்க இயலாது. வெடியோசையும் கூச்சலும் மடியில் உறங்கும் குழந்தையைத் திடுக்கிடச் செய்யும். இடையறாது ஒலிக்கும் தொலைக்காட்சி, தாய் குழந்தையோடு பேசும் சொற்களையும் குறைத்துவிடுகிறது. நமது சண்டைப் படங்கள் இதற்கு உதவா.

மஜித் மஜீதியின் 'சில்ட்ரன் ஆஃப் ஹெவன்' (1997) போன்றவை பொருந்தும். ஒரே சோடிச் சப்பாத்தை மாறி மாறி அணியும் அண்ணன் தங்கையின் கதை; மொழி பாரசீகமாயினும் முகங்களே கதையை உணர்த்திவிடும். ஒலியைத் தாழ்த்திப் பார்க்கலாம். குழந்தை விழித்து மழலை பேசினால் படத்தை நிறுத்திவிட்டு அதற்குப் பதில் சொல்லவேண்டும்.