வாளுக்கு முன்னால் உடம்பு

ஜப்பானின் மியே மாகாணத்தில் ஈகா என்று ஓர் ஊர். அங்கே நிஞ்சாக்களுக்கென்றே ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது. பிள்ளைகள் நிஞ்சா உடை மாட்டிக்கொண்டு ஊரைச் சுற்றலாம், நட்சத்திரம் போன்ற இரும்புத் தகட்டைப் பலகையில் குத்தி நிற்கும்படி வீசிப் பார்க்கலாம். வேறு ஊர்களில் காசு கட்டினால் சாமுராய் உடையும் கட்டானா வாளும் தந்து, நனைத்துச் சுருட்டிய பாயை ஒரே வீச்சில் வெட்டச் சொல்லித்தருகிறார்கள். குடும்பத்தோடு போகிறவர்களுக்கு அது நல்ல கொண்டாட்டம். அந்த ஆசை உள்ள தமிழ்க் குடும்பத்துக்கு நான் சொல்லும் முதல் ஊர் திருவனந்தபுரம். நாகர்கோவிலிலிருந்து இரண்டு மணி நேரப் பயணம். இறங்க வேண்டிய இடம் பழவங்காடி.

கிழக்குக் கோட்டை வாசலுக்கு எதிரே, தேங்காய் உடைபடும் சத்தம் ஓயாத பழவங்காடி கணபதி கோயிலை அறியாதவர் அந்த ஊரில் இல்லை. அது போர்வீரர்களின் கோயில் என்பது வெளியூர்க்காரர்களில் பலருக்குத் தெரியாது. பத்மநாபபுரத்தில் திருவிதாங்கூர்ப் படையினர் வழிபட்ட பிள்ளையார், தலைநகரம் இடம் மாறியபோது அவர்களோடு இங்கே வந்தார் என்பது வழிவழிச் செய்தி. திருவிதாங்கூரின் நாயர் படை இந்திய ராணுவத்தோடு இணைந்த பிறகும் கோயிலின் பொறுப்பு சிப்பாய்களிடமே இருக்கிறது; இன்று மெட்ராஸ் ரெஜிமென்ட் பார்த்துக்கொள்கிறது. அந்தக் கோயிலிலிருந்து நடந்து போகிற தூரத்தில், கோட்டைப் பகுதித் தெற்குத் தெருவில் இருக்கிறது, களரிப்பயற்று என்னும் கேரளப் போர்க்கலையைக் கற்பிக்கும் சி.வி.என். களரி. 1956இல் கோவிந்தன்குட்டி நாயர் தொடங்கியது. பெயரில் உள்ள மூன்று எழுத்துகளும் அவருடைய தந்தை சி.வி. நாராயணன் நாயரைக் குறிப்பவை.

நாராயணன் நாயரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். வெள்ளையர் ஆட்சி கேரளத்தில் வேரூன்றியபின் சிற்றரசர்களின் படைகள் கலைந்தன, ஆயுதங்களுக்குக் கட்டுப்பாடு வந்தது, துப்பாக்கி வாளை ஒதுக்கியது. ஊருக்கு ஊர் இருந்த களரிகள் சில குடும்பங்களுக்குள் சுருங்கிப்போயின. ஜப்பானிலும் 1876இல் சாமுராய்கள் வாள் அணிந்து நடமாடக் கூடாது என்று அரசாணை வந்தது. சாமுராய்களின் போர்க்கலையில் ஒரு பகுதியை உடற்பயிற்சியாகவும் ஒழுக்கமாகவும் மாற்றி, 1882இல் ஜூடோவுக்குப் பள்ளி திறந்தார் கானோ ஜிகோரோ. இங்கே அதற்கு ஒப்பான வேலையைச் செய்தவர்கள் வடமலபாரைச் சேர்ந்த கோட்டக்கல் கணாரன் குருக்களும், அவரிடம் கற்ற தலச்சேரிக்காரர் நாராயணன் நாயரும்தான். களரியைப் பொது மேடைக்குக் கொண்டுவந்து, யார் வேண்டுமானாலும் வந்து பார்க்கலாம் என்று ஆக்கியவர் நாராயணன் நாயர். 1944இல் அவர் இளம் வயதிலேயே மறைந்தார். மகன் அதைத் தெற்கே கொண்டுவந்து சேர்த்தார். 1970களில் இந்தக் களரிக்கு வந்து கோவிந்தன்குட்டி நாயரிடம் பயின்ற அமெரிக்க நாடகக்காரர் பிலிப் சாரில்லி, அந்த அனுபவத்தின் அடிப்படையில் 1998இல் எழுதி வெளியிட்ட நூல் களரியை உலக அரங்குகளுக்கு அறிமுகம் செய்தது.

உள்ளே போனால் முதலில் கண்ணில் படுவது பள்ளம்தான். வடகேரளத்தின் வடக்கன் முறைக் களரி தரைமட்டத்துக்குக் கீழே தோண்டப்படும். நீளம் 42 அடி, அகலம் 21 அடி, கிழக்கு மேற்காக, வாசல் கிழக்கில். தரை இறுக்கிய மண். பள்ளமாக இருப்பதால் காற்று நேராக அடிக்காது, வெயில் ஏறாது; எண்ணெய் தேய்த்து வியர்த்திருக்கும் உடம்புக்கு இரண்டும் முக்கியம். தென்மேற்கு மூலையில் ஏழு படிகள் கொண்ட பூத்தறை என்னும் வழிபாட்டு மேடை. அதை அடுத்துக் கணபதிக்கும் குருமாருக்கும் இடம் உண்டு. வலது காலை முன்வைத்து இறங்கி, மண்ணைத் தொட்டு நெற்றியில் வைத்து, பூத்தறையை வணங்கிய பிறகே பயிற்சி. பார்வையாளர்கள் மேலே நின்று பார்க்கலாம். காலை ஏழு மணி வாக்கில் போய்விடுவது நல்லது. ஞாயிற்றுக்கிழமை பயிற்சி இருக்காது.

இனி, பிள்ளைகள் கேட்கப்போகிற கேள்வி: வாள் எப்போது தருவார்கள்?

தரமாட்டார்கள். நிஞ்சா அருங்காட்சியகத்துக்கும் களரிக்கும் உள்ள பெரிய வேறுபாடு அங்கேதான் இருக்கிறது. களரிப் பயிற்சிக்கு நான்கு கட்டங்கள்: மெய்த்தாரி, கோல்த்தாரி, அங்கத்தாரி, வெறுங்கை. முதலில் உடம்பு, பிறகு கம்பு, பிறகு உலோக ஆயுதம், கடைசியில் ஒன்றுமில்லாத கை. சினிமாவில் கதாநாயகன் வெறுங்கையில் தொடங்கி வாளுக்குப் போவான். இங்கே வரிசை தலைகீழ். வாள் பிடித்தவனை வெறுங்கையால் மடக்குவதுதான் எல்லாவற்றிலும் கடினம் என்பதால் அது கடைசியில் வருகிறது. ஒரு வாரம் தங்கும் குடும்பத்துக்குக் கிடைக்கக்கூடியது மெய்த்தாரியின் முதல் சில பாடங்கள் மட்டுமே. அதைக் குறையாக நினைக்க வேண்டாம். ஆண்டுக்கணக்காகக் கற்றவரும் ஒவ்வொரு காலையும் அங்கிருந்துதான் தொடங்குகிறார்.

அந்த முதல் பாடத்தைச் சற்று அருகில் நின்று பார்க்கலாம். பெயர் நேர்க்கால். இரு கைகளையும் தலைக்கு மேலே உயர்த்த வேண்டும். ஒரு காலை முழங்கால் மடங்காமல் நேராக வீசி, பாதத்தை உள்ளங்கைக்குக் கொண்டுவர வேண்டும். அப்போது முதுகு கூனக் கூடாது, ஊன்றிய காலின் குதிகால் எழும்பக் கூடாது. காலைத் தூக்கிவிட்டுக் கையைக் கீழே இறக்கித் தொட்டுக்கொள்வதுதான் புதிதாக வருகிறவர் செய்யும் தந்திரம். களரியில் கற்பிக்கும் கண்பழகிய குருக்கள் அதை உடனே பிடித்துவிடுவார். தொடையின் பின்புறத் தசை நீண்டு கொடுத்தால் மட்டுமே கால் மேலே போகும். இடுப்பு நிலையாக இருந்தால் மட்டுமே மறுகால் ஊன்றி நிற்கும். பிள்ளைகளுக்கு இது பெற்றோரைவிடச் சீக்கிரம் வருகிறது. நேர்க்காலோடு வட்டமாகச் சுழலும் வீதுகால், காலை வீசியபடி தரையில் அமர்ந்து எழும் இருத்திக்கால் என்று தொடர்கிறது. குருக்கள் வாயால் சொல்லச் சொல்ல, எல்லோரும் ஒரே அடியில் நகர்கிறார்கள். அது வாய்த்தாரி. வலது, இடது, நேர், அமர்ந்து என்று தமிழ்க் காதுக்கும் பாதி புரிந்துவிடும்.

பிறகு வடிவுகள். யானை, சிங்கம், குதிரை, பன்றி, பாம்பு, மயில், சேவல், பூனை என எட்டு. விலங்கைப் போல நடித்துக்காட்டுவதற்காக இவை வந்தவை அல்ல. யானை வடிவில் முழங்கால்கள் ஆழமாக மடங்கி, இரு கைகளும் முகத்துக்கு முன்னே உயர்கின்றன. உடம்பின் எடைமையம் தரைக்கு அருகே வந்துவிடுவதால் தள்ளினாலும் எளிதில் சாயாது. மடங்கிய முழங்கால் விட்டுக் கொடுக்கும் உந்துவிசையில் சட்டென்று முன்னே பாயவும் முடியும். பிள்ளையை நிமிர்ந்து நிற்கச் சொல்லித் தோளில் மெல்லத் தள்ளிப் பாருங்கள். அப்புறம் இந்த வடிவில் நிற்கச் சொல்லித் தள்ளுங்கள். இயற்பியல் வகுப்பு அங்கேயே முடிந்துவிடும்.

இடுப்பில் சுற்றும் நீண்ட துணியான கச்சையை மாணவர்கள் கட்டும் முறையும் பார்க்க வேண்டியது. ஒரு முனையை இழுத்துப் பிடித்திருக்க, மறுமுனையை இடுப்பில் வைத்துத் தானே சுழன்று சுழன்று துணிக்குள் போகிறார்கள். அடிவயிறும் இடுப்பும் இறுகி, பாய்ந்து திரும்பும்போது முதுகெலும்புக்கு அது அணையாக நிற்கிறது.

கோல்த்தாரிக்கு வந்தால், நீண்ட கம்பான கெட்டுகாரி, மூன்று சாண் நீளமுள்ள சிறுவடி, யானைத் தந்தம் போல வளைந்த ஒட்டா. ஒட்டாவின் நுனியில் குமிழ் ஒன்று இருக்கும். மர்மங்கள் எனப்படும் உடம்பின் உயிர்நிலைப் புள்ளிகளைக் குறிவைக்கப் பழக்குவது அதுதான். சுசுருத சம்ஹிதை மர்மங்களை 107 என்று எண்ணுகிறது. நம் வர்ம மரபு 108 என்கிறது. எங்கே அடித்தால் ஆள் விழுவான் என்று அறிந்தவருக்கு, எங்கே தடவினால் எழுவான் என்பதும் தெரிந்திருக்க வேண்டும். அதனால்தான் குருக்கள் வைத்தியராகவும் இருக்கிறார். காலையில் பயிற்சி நடக்கிற களரியோடு சேர்ந்தே உழிச்சில் என்னும் எண்ணெய்த் தடவலும் எலும்பு, தசைச் சிகிச்சையும் நடக்கின்றன.

எல்லோரும் கேட்பது உருமி. சுருள்வாள். வளையும் எஃகுப் பட்டை. இடுப்பில் கச்சைபோலச் சுற்றி வைத்துக்கொள்ளலாம். சுழலும்போது உண்டாகும் இழுவிசைதான் அதை விறைப்பாக நீட்டி வைக்கிறது. வேகம் குறைந்தால் விறைப்பு போய்விடும்; பட்டை துவண்டு, வீசியவரின் கால் பக்கமோ முதுகுப் பக்கமோ திரும்பும். எனவே நிறுத்துவதுதான் தொடங்குவதைவிடக் கடினம். உலோக ஆயுதங்களில் கடைசியில் கற்றுக்கொடுக்கப்படுவது இதனால்தான். சுற்றுலாப் பயணிகள் கையில் உருமியைக் கொடுத்துப் படம் எடுக்க விடும் இடம் எதுவானாலும், குழந்தைகளோடு அங்கே நிற்காதீர்கள்.

பெண் பிள்ளைகளை விட்டுவிட்டுப் போக வேண்டாம். மலபாரின் வீரக் கதைப்பாடல்களான வடக்கன் பாட்டுகளின் உண்ணியார்ச்சை வாளேந்தியவள். வடகரையில் பல ஆண்டுகளாகக் களரி நடத்திவரும் மீனாட்சியம்மாவுக்கு, எழுபது வயதைத் தாண்டிய நிலையில் 2017இல் பத்மஸ்ரீ வழங்கப்பட்டது. சென்னையின் நடனக் கலைஞர் சந்திரலேகா 1985இல் உருவாக்கிய ‘ஆங்கிகா’ நடனத்தில் களரியின் அசைவுகளைப் பரதத்தோடு சேர்த்தார். வயதைப் பொறுத்தவரை, 16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மலபாரில் இருந்த போர்த்துகீசியர் துவார்த்தே பார்போசா, நாயர் சிறுவர்கள் ஏழு வயதில் பயிற்சிக்குப் போவதாக எழுதியிருக்கிறார். இன்றும் அந்த வயது பொருத்தமானதுதான்.

போதிதர்மர் இங்கிருந்து களரியைச் சீனத்துக்குக் கொண்டுபோனார், அதிலிருந்துதான் குங்ஃபூவும் கராத்தேயும் பிறந்தன என்ற கதையைப் பயணத்தில் யாராவது கட்டாயம் சொல்வார்கள். ‘7ஆம் அறிவு’ பார்த்த பிள்ளைகளுக்கு அது பிடித்தும் இருக்கும். அதை நிறுவும் சான்று இல்லை. களரிக்கு அந்தச் சான்றிதழ் தேவையும் இல்லை.

போகும்போது வெறும் வயிற்றோடு, தளர்வான பருத்தி உடையோடு போங்கள். செருப்பை வெளியே விடுங்கள். படம் எடுக்கும் முன் கேளுங்கள். செய்து பார்க்க விருப்பம் இருந்தால் முந்தைய நாளே நேரில் போய்க் குருக்களிடம் பேசுங்கள். எத்தனை நாள் தங்குவீர்கள், பிள்ளைக்கு என்ன வயது, முழங்காலிலோ முதுகிலோ வலி உண்டா என்பதை மறைக்காமல் சொல்லுங்கள். மழைக்காலம் நல்ல காலம். ஈரக் காற்றில் உடம்பு வளைந்து கொடுக்கும் என்று தீவிரப் பயிற்சியையும் உழிச்சிலையும் அப்போதுதான் வைத்துக்கொள்வார்கள்.

பழவங்காடியில் பார்ப்பது வடக்கிலிருந்து வந்த முறை. திருவனந்தபுரம், கன்னியாகுமரி மாவட்டங்களின் சொந்த முறை தெக்கன் களரி. நம் பக்கத்தில் அடிமுறை என்பார்கள். அதற்கு ஆதிகுரு அகத்தியர், கற்பிப்பவர் குருக்கள் அல்லர், ஆசான். ஒற்றைச்சுவடு, கூட்டச்சுவடு என்று காலடியும் கையுமாகத் தொடக்கத்திலேயே எதிராளியை வைத்துப் பழகுவார்கள். பாய்ச்சல் குறைவு, நிமிர்ந்த நிலை, கை வேலை அதிகம். வடக்கன் முறையைக் கண்ட கண்ணோடு ஊர் திரும்பும் வழியில் குமரி மாவட்டத்து ஆசான் ஒருவரிடம் அதையும் பார்த்தால், ஒரே நிலத்தில் இரண்டு சண்டை முறைகள் உடம்பை எப்படி இருவேறு விதமாக யோசித்திருக்கின்றன என்பது பிள்ளைகளுக்கே பிடிபடும்.