நிலா 'லாவா' ஆன கதை

2000-ஆம் ஆண்டில் வெளிவந்த 'பெண்ணின் மனதைத் தொட்டு' படத்தில் பிரபுதேவா ஆடிய 'கல்லூரி வானில்' பாடலை நாம் அறிவோம். 2007-இல் அமெரிக்கர் ஒருவர், தம் காதில் விழுந்தபடியே ஆங்கிலச் சொற்களை அடியில் எழுதி யூடியூபில் வெளியிட்டார். 'நிலாவோ' என்னுமிடத்தில் 'பென்னி லாவா' என்றிருந்தது. பல நாட்டாரும் சிரித்தனர். இணையத்தில் பிரபுதேவாவுக்கே அப்பெயர் வழங்கலாயிற்று.

காரணம் யாது? செவி ஒலியை வாங்குகிறது. சொல்லாகப் பிரிப்பது மூளை. அறியாத மொழி வந்தால், தான் அறிந்த சொல்லை அது பொருத்திவிடுகிறது. ஜப்பானியர் இதனைச் 'சொராமிமி' என்பர்.

தாமிரபரணிக் கரைக் கிராமத்திலிருந்து வந்து ஆங்கில வகுப்பில் அமரும் மாணவனின் செவியும் இவ்வாறே இயங்குகிறது. எங்கள் வீட்டில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான், ஆகவே சொல்கிறேன். தவறாகக் கேட்பது அறிவின்மையன்று, பழக்கமின்மையே. கேட்கக் கேட்கச் செவி பழகும். சிரிப்போர் சிரிக்கட்டும், நண்பர்களே, கேட்பதை நிறுத்தாதீர்!