செம்மறி என்னும் பெயரும் மேச்சேரி ஆடும்

செம்மறி எனின் அடர்ந்த கம்பளி போர்த்த விலங்கையே இன்றைய மாணவர் பலர் கருதுகின்றனர். இஃது அயல்நாட்டுப் படங்களால் வந்த பழக்கம். பழந்தமிழ் நூல்களைக் கற்கும்போதும் அப்படமே குறுக்கிடுதலின், ஈண்டு இதனை ஆராயப் புகுந்தோம்.

யாடு என்பது இருவகைக்கும் பொதுப்பெயர். தொல்காப்பிய மரபியல் மறி என்பதனை அதன் இளமைப்பெயராகவும், மோத்தை, தகர், உதள், அப்பர் என்பனவற்றை ஆண்பாற்பெயராகவும் கூறும். பெரும்பாணாற்றுப்படையோ முள்வேலி சூழ்ந்த வளாகத்தில் துருவையும் வெள்ளையும் ஒருங்கு தங்குதலைக் காட்டும். ஆண்டு வெள்ளை என்பது நிறமன்று, வெள்ளாடு. கரிய வெள்ளாடும் உண்டு; ‘இராமநாதபுரம் வெள்ளை’ எனப்படும் இனமோ செம்மறியே. நிறப்பெயர் இனப்பெயராய் இறுகியபின் நிறத்தை நோக்குவதில்லை.

ஆயினும் சொல்லும் நிறமும் பிரியாத இனம் ஒன்று உளது. சேலம் மாவட்டத்து மேச்சேரியாற் பெயர்பெற்ற அதனை மயிலம்பாடி ஆடு என்றும் வழங்குவர். உடல் வெளிறிய செம்பழுப்பு; மயிர் மிகக் குறுகியது, கத்தரிக்கப்படுவதில்லை; வால் குறுகி மெலிந்தது. தோல் பதனிடுவார் இதன் தோலைப் பெரிதும் விரும்புவர். ஈரோடு, கரூர்ப் பகுதிகளில், கிளுவை வேலி அடைத்த கொரங்காடுகளில் கொழுக்கட்டைப் புல்லும் வெள்வேல நெற்றும் உண்டு, வெயிலையும் வறட்சியையும் தாங்கி வாழ்கிறது. (கிளுவை உயிர்வேலி, பெரும்பாணாற்றுப்படை கூறுவது வெட்டியிட்ட முள். இரண்டனையும் ஒன்றெனக் கொள்ளற்க.) செம்மறி என்னும் சொல் இவ்வினத்திலிருந்தே பிறந்தது என்று யாம் கூறவில்லை, அதற்குச் சான்றில்லை. அச்சொல்லின் பொருளைக் கண்ணாற் காண இஃது உதவும் என்பதே எம் கருத்து.

அக்காட்சியும் என்றும் நிலைப்பதன்று. பிற இனக் கடாக்களோடு கலப்பின் நிறமும் மயிரும் திரியும். இவ்வினத்திற்கெனப் பொட்டனேரியில் 1978-இல் ஆராய்ச்சி நிலையம் அமைந்தது பயனுடைய செயலே. சொல்லாராய்வார் ஒருமுறையேனும் ஆண்டுச் சென்று காணல் வேண்டும். அகராதி மட்டும் போதாது.

திருக்குறளின் காலமறிதல் அதிகாரத்துத் தகரையே எடுத்துக்கொள்வோம். அதனை விளக்குங்கால் முறுக்கிய கொம்பினை உடன் வரைந்து காட்டுவாரும் உளர். குறளிற் கொம்பு என்னும் சொல்லே இல்லை. மேச்சேரிக் கடாவிற்கும் கொம்பில்லை. அதுவும் பின்வாங்கியே பாய்ந்து முட்டும்.