காணி யாருக்குச் சொந்தம்? தீர்ப்புச் சொல்வது யார்?



"ஐயா, டி.எஸ். ஆபிசுல கூப்பிட்டு, இந்தக் காணி உங்களுக்கு இல்ல, வேலியப் பிரிச்சிட்டுப் போங்கன்னு சொல்லிட்டாங்க. நாங்க இனி என்னா செய்யிறது?" என்று கேட்டுக்கொண்டு ஒரு தாய் எம்மிடம் வந்தார். கணவர் ஓய்வுபெற்றபோது கிடைத்த சேமலாப நிதிப் பணத்தில், தோட்டத்துக்கு வெளியே ஒருவரிடம் பத்து பேர்ச் காணி வாங்கி, அத்திவாரமும் போட்டிருந்தார்கள். பக்கத்துக் காணிக்காரர் அது தன்னுடையது என்று முறைப்பாடு கொடுத்துவிட்டார். கையில் உறுதி இருந்தும், அதிகாரி சொன்னால் அதுதானே சட்டம் என்று நினைத்து, வேலியைப் பிரிக்கவே தயாராகிவிட்டார்கள்.

இப்படி நினைப்பவர்கள் நம்மில் பலர். ஆகவே எந்த அதிகாரிக்கு எது வரை அதிகாரம் உண்டு என்பதைத் தெரிந்துகொள்வோம்.

கிராம சேவகர்: நீங்கள் எந்த முகவரியில் வசிக்கிறீர்கள் என்று அவர் சான்றிதழ் தரலாம். காணியைப் பற்றி அறிக்கையும் கொடுக்கலாம். ஆனால் அவர் தரும் கடிதம் காணி உறுதி ஆகாது. காணி யாருக்குச் சொந்தம் என்று முடிவு சொல்லவும் அவரால் முடியாது.

பிரதேச செயலாளர்: முன்பு உதவி அரசாங்க அதிபர் செய்த வேலைகளை 1992 முதல் இவர் செய்கிறார். அரசாங்கக் காணி விஷயத்தில் இவருக்குப் பெரிய அதிகாரம் உண்டு. 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின்படி காணிக் கச்சேரி வைப்பதும், அனுமதிப்பத்திரம் கொடுப்பதும், நிபந்தனையை மீறினால் அறிவித்தல் கொடுத்து விசாரிப்பதும் இவருடைய வேலை. இந்தச் சட்டத்தின் கீழ் அளிப்புப் பத்திரம் கிடைத்த காணியை விற்பதானாலும் இவருடைய எழுத்து மூலமான சம்மதம் முதலில் வேண்டும். ஆனால் இரண்டு தனியாட்களின் சொந்தக் காணிப் பிணக்கில் அவர் சமாதானம் பேசலாமே தவிர, "இது உனக்கு, அது அவனுக்கு" என்று தீர்ப்புச் சொல்ல முடியாது.

பொலிஸ்: காணித் தகராறு அடிதடியாக மாறும் நிலை வந்தால், 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்கச் சட்டத்தின் 66ஆம் பிரிவின்படி ஆரம்ப நீதிமன்றத்துக்கு அறிவிக்கலாம். சம்பந்தப்பட்டவர்களே போகவும் வழியுண்டு. காணி யார் கையில் இருந்தது, அதற்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் யாராவது பலாத்காரமாக வெளியேற்றப்பட்டார்களா என்பதையே அந்த நீதிமன்றம் பார்க்கும். சொந்தம் யாருக்கு என்பதை மாவட்ட நீதிமன்றமே தீர்க்கும்.

அரசாங்கக் காணி என்றால் கதை வேறு. 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டப்படி, தகுதிவாய்ந்த அதிகாரி வெளியேறும்படி அறிவித்தல் கொடுக்கலாம். அதற்குக் குறைந்தது 30 நாள் தவணை தர வேண்டும். போகாவிட்டால் அவர் நீதவான் நீதிமன்றத்துக்கு விண்ணப்பிக்க வேண்டும். தானே ஆள் கூட்டி வந்து வீட்டை உடைக்க இந்தச் சட்டம் இடம் தரவில்லை. அங்கே உங்களுக்குக் கைகொடுப்பது செல்லுபடியாகும் அனுமதிப்பத்திரம் அல்லது அரசின் வேறு எழுத்து அதிகாரம் மட்டுமே. "இருபது வருசமா இருக்கோம்" என்ற வாய்ப்பேச்சு எடுபடாது. காணி உண்மையில் உங்களுடையது என்றால், வெளியேற்றக் கட்டளை வந்த ஆறு மாதத்துக்குள் உரிமை கேட்டு வழக்குப் போடலாம்.

பத்து வருஷம் இருந்தால் காணி சொந்தம் என்று சிலர் சொல்வார்கள். தனியார் காணியில் உரிமையாளருக்கு எதிராக, இடையூறில்லாமல் பத்து வருஷம் ஆண்டு வந்தால் நீதிமன்றத்தில் அப்படி வாதாட இடமுண்டு. அரசாங்கக் காணிக்கு அது செல்லாது. தோட்ட நிர்வாகம் வேலைக்காகத் தந்த லயக் காம்பராவுக்கும் பொருந்தாது. அனுமதியோடு இருப்பது வேறு, உரிமை கொண்டாடி இருப்பது வேறு. அதனால்தான் நமது குடும்பங்களுக்கு வீட்டோடு சேர்த்துக் காணி உறுதியும் கையில் கிடைக்க வேண்டும் என்கிறோம்.

காணி வாங்குபவர்கள் கவனிக்க வேண்டியவை:

1. கச்சாத்தில் எழுதிக் கையெழுத்து வாங்கினால் காணி கைமாறாது. சமாதான நீதவானின் முத்திரையும் போதாது. நொத்தாரிசு முன்னிலையில், இரண்டு சாட்சிகளோடு உறுதி எழுத வேண்டும்.

2. காசு கொடுக்க முன்பே காணிப் பதிவகத்தில் பழைய பதிவுகளைத் தேடிப் பாருங்கள். உறுதி முடிந்ததும் பதிவு செய்யுங்கள்.

3. நில அளவையாளரின் பிளானில் உள்ள எல்லையும் தரையில் உள்ள எல்லையும் ஒன்றா என்று பாருங்கள்.

4. விளங்காத கடிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். அரச அலுவலகத்தோடு தமிழில் எழுதவும் தமிழில் பதில் பெறவும் உங்களுக்கு உரிமை உண்டு.

5. வாயால் சொன்ன உத்தரவை எழுத்தில் தரும்படி மரியாதையாகக் கேளுங்கள். ஆவணங்களின் பிரதியை 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படியும் கோரலாம்.

சின்னப் பிணக்கானால் முதலில் மத்தியஸ்த சபைக்குப் போவது நல்லது. சட்டத்தரணிக்குக் கொடுக்க வசதி இல்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம். ஆனால் நீதிமன்றக் கடிதம் வந்தால் மட்டும் ஒரு தவணையையும் தவறவிடக் கூடாது.

அந்தத் தாய் உறுதியையும் பிளானையும் எடுத்துக்கொண்டு சட்ட உதவி தேடிப் போனார். வழக்கு நடக்கிறது, தீர்ப்பு எப்படி வரும் என்று நாம் சொல்ல முடியாது. ஆனால் வேலி இன்னும் பிரிக்கப்படவில்லை. அதிகாரிக்கு மரியாதை கொடுப்போம். அதற்காக, ஒரு வார்த்தைக்குப் பயந்து ஆயுள் உழைப்பை விட்டுக்கொடுக்க வேண்டியதில்லை.