மகனைவிட வயசு கம்மியான அம்மா! - சினிமாவில் நடிகைகளுக்கு மட்டும் ஏன் சீக்கிரம் வயசாகுது?

'தளபதி' படத்துல ரஜினிக்கு அம்மாவா ஸ்ரீவித்யா நடிச்சதைப் பார்த்து நீங்களும் கண்கலங்கியிருப்பீங்க. இப்போ ஒரு சின்ன கணக்கு போடலாமா? ரஜினி பிறந்தது 1950. ஸ்ரீவித்யா பிறந்தது 1953. ஆமாம், மகனைவிட அம்மாவுக்கு வயசு கம்மி!

இன்னும் இருக்கு. 1975-ல் வெளியான ரஜினியின் முதல் படமான 'அபூர்வ ராகங்கள்'ல அவருக்கு மனைவியா வந்ததும் இதே ஸ்ரீவித்யாதான். அதில் அவரைக் காதலிப்பவர் கமல். 1989-ல் 'அபூர்வ சகோதரர்கள்' வந்தப்போ, கமலுக்கும் அவர் அம்மாவாகிட்டார். 40 வயசைத் தொடும் முன்பே ரெண்டு ஹீரோக்களுக்கும் அம்மா. ஹீரோக்களோ அதுக்கப்புறமும் பல வருஷம் டூயட் பாடினாங்க.

காரணம் சிம்பிள். கதை ஹீரோவைச் சுற்றியே நகருது. அவர் வயசு மட்டும் அப்படியே நிக்கும். ஜோடி மாறிட்டே இருப்பாங்க. கொஞ்சம் வயசான நடிகைக்கு மிச்சம் இருக்கிறது அம்மா, மாமியார் ரோல்தான்.

சீரியல்ல வாய்ப்பு நிறைய. ஆனா பெரும்பாலும் ரெண்டே டைப்: அழுகிற அம்மா, சதி பண்ற மாமியார். விதிவிலக்கும் உண்டு. 'எதிர்நீச்சல்' அப்பத்தாவை ஞாபகம் இருக்கா? அவங்க கையில இருந்த 40% சொத்துக்காக மொத்த வீடும் அலைஞ்சது. முடிவெடுக்கிற உரிமை பாட்டிகிட்ட இருந்ததால, கதையும் அவங்களைச் சுத்தி வந்துச்சு.

சினிமாவிலும் அப்பப்போ நடக்குது. 'ப.பாண்டி' (2017) ரேவதிக்கு அந்த வயசிலும் ஒரு காதல் இருந்தது. நாம காமெடியா மட்டுமே பார்த்த கோவை சரளா, 'செம்பி' (2022) படத்துல பேத்திக்காகப் போராடுற பாட்டியா படத்தையே சுமந்தார்.

'சினிமாதானே, விடுங்க'ன்னு தோணுதா? உங்க அம்மா டிரைவிங் கத்துக்கணும்னு சொன்னா, 'இந்த வயசுல எதுக்கும்மா?'ன்னு சட்டுனு வாயில வருது பாருங்க... அந்த டயலாக்கை நமக்குப் பழக்கினதுல திரைக்கும் பங்கு இருக்கு.

அடுத்த தடவை படம் பார்க்கும்போது மூணு விஷயம் கவனிங்க.

* அந்த வயசான பெண்ணுக்கு ஒரு பேர் இருக்கா?

* பிள்ளைகளைத் தவிர வேற ஏதாவது பேசறாங்களா?

* அவங்களுக்குன்னு ஒரு ஆசை இருக்கா?

முடிஞ்சா, அந்த மூணாவது கேள்வியை இன்னிக்கு நைட் உங்க அம்மாகிட்டயும் கேட்டுப் பாருங்க!