கைப்பிடி எங்கே போச்சு?

ஒரு காபி கோப்பையை எடுத்து, அதன் கைப்பிடி கண்ணில் படாதபடி பின்பக்கமாகத் திருப்பி வையுங்கள். உங்கள் வீட்டுக் குழந்தையைக் கூப்பிட்டு, "இதைப் பார்த்து அப்படியே வரைடா கண்ணா" என்று சொல்லுங்கள். என்ன வரைவான் என்று நினைக்கிறீர்கள்?

1972ஆம் ஆண்டில் நார்மன் ஃப்ரீமன், ஜானிகூன் என்ற இரண்டு உளவியல் ஆய்வாளர்கள் இதைத்தான் செய்து பார்த்தார்கள். அவர்கள் வைத்த கோப்பையின் முன்பக்கம் பளிச்சென்று ஒரு பூ இருந்தது. ஐந்து, ஆறு வயதுப் பிள்ளைகள் கண்ணெதிரே இருந்த பூவை விட்டுவிட்டார்கள். கண்ணுக்கே தெரியாத கைப்பிடியை மட்டும் மறக்காமல் வரைந்து வைத்தார்கள்! எட்டு வயதைத் தொட்ட பிறகுதான் பூ வந்தது, கைப்பிடி மறைந்தது.

தப்பாக வரைந்துவிட்டார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். கோப்பை என்றால் கைப்பிடி இருக்கும் என்பது அந்தக் குழந்தைக்குத் தெரியும். தெரிந்ததை வரைகிறது. 'நான் நிற்கிற இடத்திலிருந்து இது எப்படித் தெரிகிறது?' என்ற கேள்வி அதன் மனதில் எழ இன்னும் கொஞ்சம் வளர வேண்டும். எனக்கு இது எவ்வளவு அழகாகப் படுகிறது தெரியுமா?

இதே போலத்தான், சில குழந்தைகள் கர்ப்பமாக இருக்கும் அம்மாவின் படத்தை வரையும்போது, புடவையையும் தாண்டி வயிற்றுக்குள் ஒரு குட்டிப் பாப்பாவையும் வரைவதைப் பார்த்திருப்பீர்கள். பாப்பா அங்கேதான் இருக்கிறது என்று வீட்டில் எல்லோரும் சொல்லியிருக்கிறார்களே!