கூண்டின் விரிசலில் ஒரு பகைவன்

பெரிய மார்க்கெட்டில் கடை வைத்திருக்கும் பங்கு அன்பர் ஒருவர், ஞாயிறு திருப்பலி முடிந்ததும் மரக்கூண்டு ஒன்றைத் துணியால் மூடிப் பங்கு இல்லத்திற்கு எடுத்து வந்தார். மகளுக்காக வாங்கிய நான்கு லவ் பேர்ட்ஸ்களில் ஒன்று இறந்துவிட்டது. எஞ்சியவை இரவெல்லாம் உறங்காமல் படபடக்கின்றனவாம். "சாமி, இறகைப் பிரித்துப் பார்த்தேன், ஒரு பூச்சியும் இல்லை. கொசு மருந்து அடித்துவிடட்டுமா?" என்றார். நல்ல வேளை, அடிக்குமுன் கேட்டார்!

பகலில் பறவையின் உடலில் தேடினால் இப்பகைவன் பெரும்பாலும் அகப்படமாட்டான். செவ்வுண்ணி என்னும் இச்சிற்றுயிர் (கிராமத்தார் கோழிச்செள் என்பதில் இதுவும் அடங்கும்) பகலெல்லாம் கூண்டின் விரிசலிலும், குச்சியின் நுனியிலும், முட்டைப் பெட்டியின் மூலையிலும் பதுங்கியிருந்து, இருட்டியபின் ஊர்ந்து வந்து இரத்தம் குடித்துத் திரும்பும். நீளம் சுமார் 1 மில்லிமீட்டர். பசித்திருக்கையில் சாம்பல் நிறம், குடித்தபின் சிவப்பு. வெப்பமான காலத்தில் அதன் முட்டை ஏறத்தாழ ஒரு வாரத்தில் முழு உண்ணியாகிவிடும். 30, 40 கிராம் எடையுள்ள பறவையிடம் எவ்வளவு இரத்தம்தான் இருக்கும்?

இரவில் கூண்டின்மேல் வெள்ளைத் துணியைப் போர்த்தி, விடியுமுன் விளக்கொளியில் அதன் உட்புறத்தைப் பார்க்கச் சொன்னேன். மறுநாள் அத்துணியில் செம்புள்ளிகள் நகர்ந்தன.

ஆகவே முதல் சிகிச்சை கூண்டுக்கே. பறவைகளை வேறு கூண்டிற்கு மாற்றி, பழைய குச்சிகளையும் பெட்டியையும் எரித்துவிட்டு, மூலைமுடுக்கெல்லாம் கொதிநீரால் கழுவி வெயிலில் உலர்த்த வேண்டும். சில நாட்களில் திரும்பவும் செய்ய வேண்டும். கொசு மருந்தும் மண்ணெண்ணெயும் கூடவே கூடா. பறவையின் சுவாச உறுப்புகள் மிக மென்மையானவை. உண்ணிக்குமுன் பறவையே மடியும்.

பேன் வேறு வகை. அது இறகைத் தின்று பறவையின்மீதே வாழும். இறகுத் தண்டில் ஈர் ஒட்டியிருக்கும். அலகைச் சுற்றியோ காலிலோ தேன்கூடு போன்ற வெண்பொருக்குப் படர்ந்தால் அது தோலைத் துளைக்கும் மற்றோர் உண்ணி. கவனியாவிடில் அலகே கோணிவிடும். இவற்றுக்கு ஐவர்மெக்டின் போன்ற மருந்துகள் உண்டு. ஆனால் அளவு சற்று மிஞ்சினாலும் ஆபத்து. கால்நடை மருத்துவரே தர வேண்டும். நமக்குக் குருமாம்பேட்டில் கால்நடை மருத்துவக் கல்லூரியே இருக்கிறது. இறகு உதிர்ந்தாலே உண்ணி என்று எண்ணுவதும் தவறு; தனிமையால் தன் இறகைத் தானே பிடுங்கும் பறவையும் உண்டு.

மரக்கூண்டாயின் விட்டொழிப்பதே மேல்; இரையின்றியும் செவ்வுண்ணி மாதக்கணக்கில் உயிர்த்திருக்கும். இதைச் சொன்னதும் நம் அன்பர் முகம் வாடிற்று. அக்கூண்டு அவருடைய தகப்பனார் கைப்பட இழைத்ததாம். கம்பிக்கூண்டு வாங்கிவிட்டார்; மூன்று பறவைகளும் இப்போது உறங்குகின்றன. பழையதை எரிக்க மனம் வராமல் மொட்டைமாடி வெயிலில் வைத்திருக்கிறார். கீழே மட்டும் இறக்க வேண்டாம் என்று சொல்லியிருக்கிறேன்.